உங்கள் மாப்பிள்ளை வளமான பிரிவினர் அல்லர்

பத்திரகாளியம்மன் துணை

சிவகாசி,
ஆனி மாதம், வியாழக்கிழமை.

நாக்பூரில் உத்தியோகம் பார்க்கும், அன்பும் மரியாதையும் உள்ள லட்சுமிகாந்தம் அண்ணன் அவர்களுக்குத் தங்கை பராசக்தி வணங்கி எழுதிக்கொண்டது. இங்கே நாங்கள் எல்லோரும் உடம்பால் சுகம். மனசால் சுகம் இல்லை. அதைத்தான் எழுதப் போகிறேன். உங்கள் முழங்கால் வலி, மதினியின் சர்க்கரை, ஹரிபிரசாத்தின் புது வேலை எல்லாம் நல்லபடி இருக்க வெள்ளிதோறும் அம்மனுக்கு விளக்குப் போடுகிறேன்.

நீங்கள் அரசாங்க அதிகாரி, எதற்கும் சாட்சி கேட்பீர்கள் என்பதால் அதை முதலில் சொல்லிவிடுகிறேன். செவ்வாய்க்கிழமை காலை எங்கள் வீட்டு முன்னறையில் இருந்தவர்கள்: தேய்த்த வெள்ளைச் சட்டையில் உங்கள் மாப்பிள்ளை சண்முகவேல், நான், மகள் கீர்த்திகா, விசாரணைக்கு வந்த கிராம நிர்வாக அலுவலர் மணிகண்டராஜ் தம்பி, அவர் பின்னால் தலையாரி சோணைமுத்து, பட்டாசு கிஃப்ட் பாக்ஸ் அட்டை மடிக்கப் பின்கட்டுக்கு வந்து, சத்தம் கேட்டு எட்டிப் பார்த்து, அப்புறம் உட்கார்ந்தே விட்ட பாண்டிச்செல்வி, சுவரில் அம்மன். இதில் உங்கள் மாப்பிள்ளை ஒரு பக்கம், அம்மன் உட்பட மற்ற எல்லோரும் ஒரு பக்கம்.

போனில் சொல்லலாமே என்பீர்கள். போனை எடுத்தாலே உங்கள் மாப்பிள்ளை பக்கத்தில் வந்து உட்கார்ந்து "ஸ்பீக்கர்ல போடு" என்கிறார். வாட்ஸ்அப்பில் எழுதினால் என் விரல் பட்டு அது குடும்பக் குழுவுக்குப் போய்விடுகிறது. போன மாதம் மதினிக்கு மட்டும் எழுதிய இடுப்பு வலி விவரத்துக்குச் சித்தப்பா மருமகன் வரைக்கும் கைகூப்பி அனுப்பியிருந்தார்கள். அதனால்தான் ஸ்பீடு போஸ்ட்.

விஷயம் இதுதான். கீர்த்திகாவுக்கு மத்திய அரசுக் கல்லூரி ஒன்றில் இடம் கிடைக்கிற மாதிரி ரேங்க் வந்திருக்கிறது. ஓ.பி.சி. ஒதுக்கீட்டில் கிடைக்கும், பொதுவில் கிடைக்காது. ஆனால் அதற்குச் சாதிச் சான்றிதழ் மட்டும் போதாதாம். 'கிரீமி லேயரில் சேராதவர்' என்று தனியாக ஒரு சான்றிதழ் தாசில்தார் ஆபீசில் வாங்க வேண்டுமாம், அதுவும் இந்த ஏப்ரலுக்கு அப்புறம் வாங்கியதாக. எனக்குத் தலைகால் புரியவில்லை. சென்னைக் கணக்குக்கு நாம் பிற்பட்டவர்கள், அதோடு பேச்சு முடிந்தது. டில்லிக் கணக்குக்கும் பிற்பட்டவர்கள்தான், ஆனால் ரொம்பவும் முன்னேறிவிடவில்லை என்று சேர்த்து எழுதிக் கொடுக்க வேண்டும். அதே சாதி, அதே மகள், அதே ரேஷன் கார்டு. கீர்த்திகாவின் பாடப் புத்தகங்களை அவளுக்கு முன்னால் படித்து முடித்தவள் நான், விடுவேனா? விதிகளைச் சத்தமாக வாசிக்கச் சொல்லி, என் புத்திக்கு எட்டினபடி புரிந்துகொண்டேன். தப்பென்றால் திருத்துங்கள்.

கோயில் பொங்கலுக்கு அன்னதானம் நடக்கிறது. வெகுதூரத்து ஊரிலிருந்து நடந்து வருகிறவர்களுக்கென்று ஒரு பந்தியை ஒதுக்கி வைத்திருக்கிறார்கள். அந்த ஊர்க்காரர் ஒருவர் மட்டும் காரில் வந்து இறங்குகிறார். ஊர் அதே ஊர்தான், ஆனால் அவருக்குக் கால் வலிக்கவில்லை. "ஐயா, நீங்க பொதுப் பந்தியில உக்காருங்க" என்று அவரை எழுப்பிவிடுகிறார்கள். அந்தக் காரில் வந்தவர்தான் கிரீமி லேயர். அரசாங்கத் தமிழில் வளமான பிரிவினர். வளமா இல்லையா என்று எப்படிப் பார்ப்பது? பெற்றோர் வருமானம் மூன்று வருடம் தொடர்ந்து எட்டு லட்சத்தைத் தாண்டினால் வளம். அதில் சம்பளம் சேராது, விவசாயம் சேராது, வியாபாரம் சேரும். நம் வியாபாரம் உங்களுக்குத் தெரியாததா? விஸ்வநத்தத்துப் பட்டாசுக் கம்பெனிகளில் கடனுக்குச் சரக்கெடுத்து வெளியூர்க் கடைகளுக்கு அனுப்புவார். தீபாவளி முடிந்ததும் கடைக்காரர்கள் மழையைக் காரணம் சொல்லிப் பாதி விலை குறைத்துக்கொள்வார்கள். வீட்டு வரவு செலவைப் பார்ப்பவள் நான். எட்டு லட்சத்தைத் தூரத்தில் நின்று கும்பிடுகிற ஆட்கள் நாங்கள். ஆக, நடந்து வந்தவர்கள்தான். கேட்டவுடன் கிடைக்க வேண்டிய சான்றிதழ். குறுக்கே நிற்பது உங்கள் மாப்பிள்ளை.

அவர் அன்னதானப் பந்தியில் உட்காரவே மாட்டார், அண்ணா. என்ன பசித்தாலும் சாம்பார் வாளியைக் கையில் வாங்கிக்கொண்டு, ஏதோ இவர்தான் செலவு செய்த மாதிரி "நல்லா சாப்பிடுங்க, கூச்சப்படாதீக" என்று வரிசையாகப் பரிமாறிவிட்டு, வீட்டுக்கு வந்து என்னிடம் பழைய சோறு கேட்பார். அதுகூடப் பரவாயில்லை. இந்தப் போஸ்டர் இருக்கிறதே, அதுதான் எங்களைக் கவிழ்த்தது. இவருடைய சிநேகிதர் ஹரிஷ்குமார் அச்சகம் வைத்திருக்கிறார். காலண்டர் ஆர்டர், கல்யாணப் பத்திரிகை ஆர்டர் ஓடும்போது தாளின் ஓரத்தில் இடம் மிச்சமிருந்தால் அதில் இவுக படத்தையும் சேர்த்து ஓட்டிக் குடுத்திருவாரு. செலவு கிடையாது, வெட்டி எறியிற தாளுதானே. மிச்சம் எந்த அளவுல விழுதோ அந்த அளவுல போஸ்டர். ஒரு தடவை நாலு விரல் அகலந்தான் கிடைச்சுது, ஒரு கண்ணும் பாதி மீசையும் மட்டும் விழுந்துச்சு. அதையும் பசை தடவி ஒட்டுனாக. எல்லாத்துலயும் பேருக்கு முன்னால பட்டம் உண்டு. ஒண்ணுல 'தொழிலதிபர்', ஒண்ணுல 'வள்ளல்', இந்தப் பங்குனிக்கு 'வெடித்தொழில் வேந்தர்'.

இந்த லட்சணத்துல, விசாரணைக்கு ஆள் வருதுன்னு தெரிஞ்சதும் நான் என்ன நினைச்சேன், பேங்க் புத்தகத்தையும் வரி கட்டின தாளையும் எடுத்து வச்சுட்டுச் சும்மா இருப்பாகன்னு நினைச்சேன். இவுக என்னடான்னா, பொண்ணு பாக்க வர்றவுகளுக்குச் செய்யிற மாதிரி சோபாவுக்குப் புது உறை போட்டு, ஹரிஷ்குமார் காரை வாங்கியாந்து வாசல்ல நிறுத்தி, முந்திரிப் பருப்பு வறுக்கச் சொன்னாக. "இது வருமானம் கம்மின்னு காட்டுற விசாரணைங்க" என்றேன். "யாரு வந்தாலும் நம்ம வீட்டுக்கு வந்தவுக, பராசக்தி" என்று சொல்லிவிட்டுச் செண்டு அடித்துக்கொண்டார்.

அந்த மணிகண்டராஜ் தம்பி தேனிப் பக்கம், பரீட்சை எழுதி வேலைக்குப் புதுசா வந்தவரு. மரியாதையாத்தான் ஆரம்பிச்சாரு.

"வருஷத்துக்கு வருமானம் எவ்வளவு சார் இருக்கும்?"

"அம்மன் புண்ணியத்துல எதுக்கும் குறைவில்ல தம்பி. முந்திரி எடுத்துக்கோங்க."

"எட்டு லட்சத்துக்கு மேல இருக்குமா?"

"எட்டு லட்சமா! சீசன்ல ஒரு லோடு ஏத்துனாலே அதுக்கு மேல போகுமே!"

நான் குறுக்க புகுந்து, "தம்பி, அது சரக்கோட விலை. அம்புட்டும் கம்பெனிக்காரங்களுக்குப் போகணும். வீட்டுக்கு வர்றது வேற" என்றேன். சாமி முன்னால ஒளிக்கக் கூடாதுன்னு, நான் மோர்மிளகாய் போட்டு விக்கிறதையும் சொன்னேன். தம்பி, "அதெல்லாம் வேணாம்மா" என்றார். அதுக்குள்ள இந்தப் பாண்டிச்செல்வி வாயைத் திறந்துட்டா.

"ஏன் அண்ணாச்சி, போன தீவாளிக்கு நான் ஒரு சேலை கேட்டப்ப, 'வியாபாரம் படுத்துருச்சு தாயி, உங்க அக்காவுக்கே இந்த வருசம் சேலை இல்ல'ன்னு கண்ணு கலங்குனீகளே! அந்த லோடெல்லாம் அப்ப எந்தப் பக்கமாப் போச்சு?"

"ஏட்டி, நீ அட்டைய மடிக்க வந்தியா, என்னைய மடிக்க வந்தியா?"

"அட்டைன்னா ஒரு தடவ சொன்னா மடங்கிரும் அண்ணாச்சி."

கீர்த்திகா சிரிப்பை அடக்கத் தலையைக் குனிஞ்சுக்கிட்டா. தம்பி சிரிக்கலை. போனை எடுத்து ஒரு படத்தைக் காட்டுனாரு. பஸ் ஸ்டாண்டு பக்கத்துக் கரண்டுக் கம்பத்துல இவுக கைகூப்பிக்கிட்டு நிக்காக. "சார், நான் ஊருக்குப் புதுசு. இங்க நடந்து வர்றதுக்குள்ள தெருவுக்குத் தெரு உங்களைப் பார்த்தேன். 'வெடித்தொழில் வேந்தர்'னு போட்டிருக்கு. வேந்தரைப் போய் வளமில்லாதவர்னு நான் எப்படி சார் எழுதுறது? எங்க பக்கம் நாலு கலர்ல போஸ்டர் ஒட்டணும்னா தோப்பு தொரவு இருக்கணும்."

சோணைமுத்துதான் காப்பாத்துனாரு. "ஐயா, இது சிவகாசி. இங்கன ஆட்டுக்குட்டி காணாமப் போனாக்கூட பளபளன்னு கலர்லதான் அடிப்பாக. ஏன், என் பேத்திக்குக் காது குத்துனப்ப என்னையவே 'தென்மாவட்டங்களின் விடிவெள்ளி'ன்னு போட்டாக. அன்னைக்கு எங்க வீட்டுல கரண்டு பில்லு கட்டலைன்னு ஃபியூஸைப் பிடுங்கிட்டுப் போயிட்டான்."

தம்பி தலையாரியை ஒரு பார்வை, இவுகளை ஒரு பார்வை பார்த்துட்டு, என்கிட்ட பேங்க் புத்தகம், வரித் தாள் எல்லாம் வாங்கி நிதானமாப் பார்த்தாரு. "எல்லாம் சரியா இருக்கும்மா. நீங்க தாராளமாத் தகுதியானவங்கதான். ஐயா இந்த உறுதிமொழியில ஒரு கையெழுத்துப் போட்டா நான் மேல அனுப்பிருவேன்" என்று ஒரு தாளை நீட்டுனாரு. இவுக கண்ணாடியை மாட்டிக்கிட்டு வாசிச்சாக. 'சண்முகவேல் ஆகிய நான் வளமான பிரிவைச் சேர்ந்தவன் அல்ல.' அண்ணா, சொத்தை எழுதிக் குடுக்கச் சொன்ன மாதிரி எந்திரிச்சு நின்னுட்டாக. "இதுல நான் கையெழுத்துப் போட மாட்டேன்."

"சார், இது உங்களை ஏழைன்னு சொல்லலை. ஒதுக்கீடே தேவைப்படாத அளவுக்கு உசந்துட்டவர் இல்லைன்னு மட்டுந்தான் சொல்லுது" என்று தம்பி பொறுமையாகத்தான் சொன்னார்.

"உங்களுக்கு அது ஆபீஸ் தாளு தம்பி. எனக்கு அது பொழப்பு. இத எவனாவது படம் பிடிச்சு வியாபாரிக குழுவுல போட்டுட்டான்னு வைங்க, எந்தக் கம்பெனிக்காரன் என்னைய நம்பி கடனுக்குச் சரக்கு ஏத்துவான்? கையில துட்டு இருக்கிறவன்னு நினைக்கிறதாலதான எனக்குக் கடனே குடுக்கான்! அந்த நினைப்பை நானே கையெழுத்துப் போட்டுக் கெடுக்கவா?"

அவுக சொல்லுறதுல நியாயம் இல்லாமலும் இல்ல. இந்த ஊரு வியாபாரம் பாதி வெடிமருந்துலயும் பாதி நம்பிக்கையிலயும்தான் ஓடுது. ஆனா கீர்த்திகா எந்திரிச்சு, "சரிப்பா, விடுங்க. நான் உள்ளூர்லயே ஏதாவது காலேஜ்ல சேந்துக்கிடுதேன்" என்று சொல்லிட்டு உள்ளே போயிட்டா. கதவைக்கூடச் சாத்தலை. படார்னு சாத்தியிருந்தா எனக்கு மனசு ஆறியிருக்கும்.

தம்பி தாளை மேசை மேல வச்சுட்டு, "அடுத்த வாரம் வெள்ளிக்கிழமைக்குள்ள குடுத்தீங்கன்னா வாங்கிக் குடுத்துரலாம். அதுக்கு மேல போனா என் கையில இல்லம்மா" என்று சொல்லிட்டுப் போயிட்டாரு. அன்னைக்கிருந்து நான் அவுகளுக்குச் சோறு போடுறேன், பேசுறதில்ல. உப்பு போதுமான்னுகூடக் கேக்கலை. அவுகளும் போதாத உப்போட சாப்பிட்டு எந்திரிச்சுப் போறாக.

அண்ணா, அவுக யார் பேச்சையும் கேக்க மாட்டாக, உங்க பேச்சைத் தவிர. "மச்சான் மாதிரி வாழணும்"ங்கிறதுதான் இருபது வருஷமா அவுக பாடுற பாட்டு. நான் யோசிச்சுப் பார்த்தேன். நீங்கள் சம்பளக்காரர். விதியில் சம்பளம் கணக்கில் சேராது. அப்படியானால் ஹரிபிரசாத்தும் இதே சான்றிதழ் வாங்கித்தானே கல்லூரியில் சேர்ந்திருப்பான்? அதை எழுதுங்கள். "மாப்பிள்ளை, இதே தாளில் நானும் கையெழுத்துப் போட்டவன்தான். எனக்கு என்ன குறைந்துபோயிற்று?" என்று இரண்டு வரி உங்கள் கைப்பட எழுதினால் போதும், அவுக மறுபேச்சுப் பேச மாட்டாக. நான் எழுதிக் கேட்டதாக மட்டும் காட்டிக்கொள்ள வேண்டாம். என் மகள் இத்தனை வருடம் படித்த படிப்பு ஒரு கையெழுத்துக்காகக் காத்திருக்கிறது.

மதினிக்கு என் வணக்கம், இனிப்பைக் குறைக்கச் சொல்லுங்கள். ஹரிபிரசாத்துக்கு ஆசீர்வாதம். நாக்பூர் வெயிலுக்கு மோர் குடியுங்கள். உங்கள் வீட்டில் எல்லோரையும் அம்மன் தன் மடியில் வைத்துக் காக்கட்டும்.

இப்படிக்கு,
தங்கை பராசக்தி

பின்குறிப்பு: மேலே எழுதியதில் எதையும் செய்துவிடாதீர்கள். உறையை ஒட்டுவதற்கு முன்னால் பிழை பார்க்கச் சொல்லிக் கடிதத்தைக் கீர்த்திகாவிடம் கொடுத்தேன். செவ்வாய்க்கிழமைக்கு அப்புறம் இன்றுதான் சிரித்தாள். "அம்மா, மாமா நேரடியா குரூப் ஏ அதிகாரியாச் சேர்ந்தவுக. அந்தப் பதவின்னா சம்பளத்தையே பார்க்க மாட்டாக, பதவி ஒண்ணே போதும், பிள்ளைக கிரீமி லேயர்தான். ஹரி அத்தானுக்கு இந்தச் சான்றிதழ் கிடைச்சிருக்கவே முடியாது" என்றாள். உங்கள் மாப்பிள்ளை பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்ததை நாங்கள் பார்க்கவில்லை.

"என்ன சொன்ன? மச்சான் மகனுக்குக் கிடைக்காதா?"

"கிடைக்காதுப்பா."

"மச்சானே நேர்ல போய்க் கேட்டாலுமா?"

"கேட்டாலுந்தான்."

"டில்லிக்கே போய் நின்னாலுமா?"

"நின்னாலுந்தான்ப்பா."

"நமக்குக் கிடைக்குமா?"

"நீங்க கையெழுத்துப் போட்டா."

பேனாவைத் தேடி எடுத்து, முழுப் பேரும் எழுதி, அப்பா பேர், தாத்தா பேர் எல்லாம் சேர்த்துக் கையெழுத்துப் போட்டுட்டாக. ஆகவே ஹரி இந்தச் சான்றிதழ் வாங்கினான் என்று மறந்தும் எழுதிவிடாதீர்கள், அறிவுரையும் வேண்டாம். ஆனால் தாளை இன்னும் அந்தத் தம்பியிடம் கொடுக்கவில்லை. "கீர்த்தி சின்னப் பிள்ளை, அது சொல்லுச்சுன்னு நான் குடுக்க முடியுமா? 'என் மகனுக்குக் கிடைக்கலை'ன்னு மச்சான் கைப்பட எழுதி வரட்டும்" என்று சட்டைப் பையில் வைத்துக்கொண்டு திரிகிறார்கள். அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை கடைசி நாள். தயவுசெய்து பதிலைச் சீக்கிரம் அனுப்புங்கள்.