மத்தியானப் பேய்

உலகத்தில் பேய்ப்படம் எடுத்தவர்கள் ஆயிரம் பேர் இருக்கலாம். ஆனால் மத்தியானம் இரண்டு மணியிலிருந்து நாலு மணி வரைக்கும் மட்டுமே பேய் நடமாடும் படங்களை எடுத்தவர் ஒரே ஒருத்தர்தான். அவர் திருவனந்தபுரம் வலியசாலையில், எங்கள் வீட்டிலிருந்து நாலாவது வீட்டில் இருந்தார். மறுப்பவர்கள் ஆதாரத்தோடு வரலாம், நான் தயார்.

அவருடைய நிஜப் பெயர் ரேஷன் கார்டுக்குத் தெரியும். தெருவுக்கு அவர் பேயண்ணா. கிழக்கேகோட்டை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் மிக்ஸி, கிரைண்டர் ரிப்பேர் கடை வைத்திருந்தார். ஆனால் என்ன வேலை என்று யார் கேட்டாலும் கூசாமல் டைரக்டர் என்றுதான் சொல்வார். அவருடைய கேமரா செல்போன். ஸ்டாண்ட், கழற்றிப் போட்ட ஒரு கிரைண்டரின் கால்கள்.

பகலில் எடுத்ததற்குக் காரணம் எளிது. அவரிடம் லைட் கிடையாது. தவிர, நடிகைகள் முழுக்கத் தெரு மாமிகள். சமையல் முடிந்து, அடுக்களையை ஒழித்துப் போட்டு, சாயங்காலம் விளக்கேற்றுவதற்கு முன்னால் அவர்களுக்குக் கிடைப்பது அந்த இரண்டு மணி நேரம்தான். ஹீரோ எப்போதும் செல்லப்பன். தென்காசிப் பக்கத்திலிருந்து வந்து ஓட்டலில் பரோட்டா போடுகிறவர். அவருக்கும் இரண்டு மணிக்கு மேல்தான் ஓய்வு. பேயண்ணா இதை ஒரு கொள்கையாகவே ஆக்கிவிட்டார்.

"ராத்திரி வர பேயை எல்லாரும் எடுத்தாச்சுடா. பட்டப்பகல்ல வரதுக்குத் தைரியம் உள்ள பேயாக்கும் நம்ம பேய்."

பேயின் குரலுக்கு அவர் வெளியே போனதில்லை. கெட்டுப்போன மிக்ஸி கடைக்கு வந்தால் முதலில் அதை ஓட விட்டுக் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். முகம் மலர்ந்தால் மிக்ஸிக்காரருக்குக் கஷ்டகாலம். "நல்ல சத்தமாக்கும், இதை இப்பவே நன்னாக்கினா போயிடும், ரெண்டு நாள் இருக்கட்டும்" என்று ஆளை மட்டும் திருப்பி அனுப்புவார். எங்கள் வீட்டு மிக்ஸி இப்படி ஒரு மாதம் பேயாக நடித்தது. அந்த மாதம் முழுவதும் நாங்கள் அரைக்காத குழம்பு சாப்பிட்டோம்.

அவருடைய ஆஸ்தானப் பேய் அம்புஜம் மாமி. அறுபது வயது தாண்டிய, கணீரென்ற குரல் உள்ள மாமி. நடிப்பதற்கு ஆட்சேபம் இல்லை, நிபந்தனைதான் உண்டு. சுமங்கலி, அதனால் வெள்ளைப் புடவை கட்ட மாட்டார். தலையை விரிக்க மாட்டார். நெற்றியில் குங்குமம் இல்லாமல் வாசலைத் தாண்ட மாட்டார். ஆகவே பேயண்ணாவின் பேய் அரக்குக் கலர் மடிசாரும், எண்ணெய் தடவி முடிந்த கொண்டையும், ஒரு முழம் மல்லிகைப்பூவுமாக வரும். பார்த்தால் கும்பிடத் தோன்றுமே தவிர ஓடத் தோன்றாது.

ஒரு தடவை மூடுபனி வேண்டுமென்று எல்லோரையும் பொன்முடி மலைக்கு அழைத்துப் போனார். மாமி துரத்த வேண்டும், செல்லப்பன் ஓட வேண்டும். பாதி ஓட்டத்தில், கீழே இறங்கும் பஸ் வளைவில் திரும்புவது தெரிந்தது. அதை விட்டால் அன்றைக்கு வேறு பஸ் இருக்குமா என்பது நிச்சயமில்லை. செல்லப்பன் "அண்ணாச்சி, பஸ்ஸு வந்துட்டு" என்று திரும்பி ஓட, மாமி மடிசாரைத் தூக்கிச் செருகிக்கொண்டு அவரை முந்த, பேயண்ணா போனை நிறுத்தாமல் இருவருக்கும் பின்னால் ஓடினார். படத்தில் அந்தக் காட்சி அப்படியே இருக்கிறது. பேயும் மனிதனும் கைகாட்டிக்கொண்டே ஒரே திசையில் ஓடுகிற காட்சி வேறு எந்தப் படத்திலாவது உண்டா?

படம் முடிந்ததும் தெருக் கல்யாண மண்டபத்தில் ஜன்னல்களுக்கெல்லாம் ஜமக்காளம் தொங்கவிட்டு, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போட்டுக் காட்டுவார். நாங்கள் விழுந்து விழுந்து சிரிப்போம். விளக்குப் போட்டதும் பேயண்ணா வாசலில் நின்று ஒவ்வொருவரையும் ஒரே கேள்வி கேட்பார்.

"கொஞ்சமாவது பேடி வந்துதா?"

பேடி என்றால் மலையாளத்தில் பயம். தெருவில் எங்களுக்குப் பயம் வந்தால் மலையாளத்தில்தான் வரும். ஏழு படத்துக்கும் நாங்கள் சொன்ன பதில் ஒன்றே: இல்லை. அவர் தலையை ஆட்டிவிட்டு அடுத்த ஆளைக் கேட்பார். உலகத்தில் அவருக்கு வேண்டியிருந்தது ஒன்றுதான். யாராவது ஒருத்தர், ஒரே ஒருத்தர், அவர் படத்தைப் பார்த்துப் பயப்பட வேண்டும்.

இந்த இடத்தில் என் குற்றத்தையும் சொல்லிவிடுகிறேன். மண்டபத்தில் முதல் சிரிப்பு எப்போதும் என்னுடையது. நான் ஆரம்பித்தால் மற்றவர்கள் பிடித்துக்கொள்வார்கள். ஏழாவது படம் முடிந்தபோது நான் அவர் முதுகில் தட்டி, அண்ணா, காமெடியில் உங்களை அடிக்க ஆளில்லை என்றேன். பாராட்டு என்று நினைத்துத்தான் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. ஸ்டாண்டை மடக்கிக்கொண்டு போய்விட்டார். அப்புறம் பல மாதம் கடைக்கு வந்த மிக்ஸிகள் எல்லாம் அன்றன்றைக்கே சரியாகித் திரும்பின. தெருவுக்கே அது சங்கடமாக இருந்தது.

கடைசியில் ஒருநாள் என்னை வழிமறித்தார்.

"இன்னும் ஒண்ணு எடுக்கறேன். அதுக்கும் நீ சிரிச்சேன்னா, பின்னே நான் மிக்ஸியோட நிறுத்திக்கறேன். சத்தியம்."

அந்தப் படத்தின் கதை அவருக்குக் கிடைத்த விதத்தை மாமியே எனக்குச் சொன்னார். அன்றைக்கு மாமி வீட்டில் மாமனாருக்குத் திவசம். எங்கள் வீடுகளில் திவசத்தன்று காலையில் வாசலில் கோலம் கிடையாது. எல்லாம் முடிந்து, சாப்பிட வந்தவர்கள் எழுந்து போன பிறகுதான் வாசல் தெளித்துக் கோலம் போடுவார்கள். அதனால் மத்தியானம் ஈரக் கோலம் இருந்தால், அந்த வீட்டில் இறந்தவர்கள் அன்றைக்கு வந்து சாப்பிட்டுப் போனார்கள் என்று பொருள். யாரும் யாரிடமும் கேட்பதில்லை. பார்த்தாலே தெரியும்.

மாமி அந்தக் கோலத்தைப் போட்டுக்கொண்டிருந்தபோது பேயண்ணா போய் நின்று, இந்த ஒரு படத்துக்காவது தலையை விரியுங்கள் மாமி என்று கெஞ்சியிருக்கிறார். மாமி நிமிராமலே பதில் சொன்னாராம்.

"தலையை விரிச்சாத்தான் பேயா? செத்துப்போயிட்டா மட்டும் நான் வாசல்ல கோலம் போடாம இருப்பேனா, போடா."

பேயண்ணா அப்படியே நின்றுவிட்டார். பிறகு விறுவிறுவென்று கடைக்குப் போய்விட்டார். மாமி அவருக்குக் கோபம் என்று நினைத்தாராம்.

எட்டாவது படத்தில் துரத்தல் இல்லை. மிக்ஸி இல்லை. எங்கள் தெருவில் ஒரு வீடு வருஷக்கணக்காகப் பூட்டிக் கிடந்தது. வீட்டுக்காரர்கள் பம்பாய்க்கே குடிபோய்விட்டார்கள். படத்தில் அந்த வீட்டு வாசலில் தினமும் மத்தியானம் இரண்டு மணிக்கு ஒரு ஈரக் கோலம் இருக்கிறது. படம் அவ்வளவுதான். ஒருநாள் கோலம், மறுநாள் வேறு கோலம், பூட்டில் அதே துரு. வெளிநாட்டில் இருக்கும் மகனாகச் செல்லப்பன், கல்யாணக் கோட்டு ஒன்றை இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு வருகிறார். அம்மாவுக்கு ஒரு வருஷமும் திவசம் செய்யாத மகன். வாசலில் அன்றைக்குக் கோலம் பாதியில் நிற்கிறது. அவர் பூட்டைத் திறந்து உள்ளே பார்க்கிறார். திரும்பிப் பார்த்தால் கோலம் முழுசாக இருக்கிறது. கடைசி இழையில் அரிசி மாவு பிடித்த ஒரு கை மட்டும், வளையலோடு, மெல்ல விலகுகிறது.

மண்டபத்தில் எல்லோரும் என் பக்கம் பார்த்தார்கள். கோட்டில் செல்லப்பன் வந்தபோதே நான் சிரிப்பை ஆரம்பித்திருக்க வேண்டும். வரவில்லை. அந்தக் கை மாமியுடையது என்று எனக்குத் தெரியும். மாமி எனக்கு இரண்டு வரிசை முன்னால்தான் உட்கார்ந்திருந்தார். அப்படியும் வரவில்லை.

விளக்குப் போட்டார்கள். ஒரு பெரியவர் அங்கேயே போனை எடுத்து, டெல்லியிலிருக்கும் தம்பியிடம் அப்பாவுடைய திதி எப்போது வருகிறது என்று மெதுவாக விசாரித்தார். சிரிப்பே இல்லாததைக் கண்ட பேயண்ணா, ஜனங்களுக்குக் கோபம் என்று நினைத்துக்கொண்டு வாசலில் நிற்காமல் ஜமக்காளம் மடிக்கப் போய்விட்டார்.

நான் மண்டபத்திலிருந்து கிளம்பும்போது மணி நாலு. வெயில் சுள்ளென்று அடித்தது. என் வீட்டுக்குப் போக அந்தப் பூட்டின வீட்டைத் தாண்ட வேண்டும். நான் எதிர்த்திசையில் நடந்து, மார்க்கெட் ரோட்டில் ஏறி, தெருவின் மறுகோடி வழியாகச் சுற்றி வந்தேன். மறுகோடியில் பேயண்ணா, ஜமக்காளத்தைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றிருந்தார்.

"ஏண்டா இப்படிச் சுத்திண்டு வரே?"

காய்கறி வாங்கப் போனேன் என்றேன். அவர் என் வெறும் கையைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றி வேஷ்டியில் துடைத்தார். அடுத்த வாரமே ஒரு மாமியின் மிக்ஸி கடையிலிருந்து திரும்பி வரவில்லை என்று தெருவில் புகார் வந்தது. எனக்கு அதைக் கேட்க எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று சொல்ல முடியாது.

அப்புறம் அந்தப் படம் ஊரில் ஒரு திரைப்பட விழாவில் ஓடியது. மேடையில் ஒரு பெண், பேயைக் காட்டாமலே பயமுறுத்தும் இந்த உத்தி எப்படித் தோன்றியது என்று கேட்டாள். பேயண்ணா மைக்கைப் பிடித்து, மாமி ஒத்துக்கலை, அதான் என்றார். அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது. எங்கள் தெரு இரண்டு வரிசை பிடித்து உட்கார்ந்திருந்தது. மாமி, மல்லிகைப்பூவும் குங்குமமுமாக, அது என் கையாக்கும் என்று பக்கத்துச் சீட்டுப் பையன்களிடம் எல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். அந்த மனிதரோடு ஒரே தெருவில் வளர்ந்தேன் என்று அன்றைக்கு நான் முன்பின் தெரியாதவர்களிடம்கூடச் சொல்லிக்கொண்டேன்.

இப்போது நான் நகரத்தின் வேறு கோடியில், ஃபிளாட்டில் இருக்கிறேன். பேயண்ணா பதினோராவது படம் எடுத்துக்கொண்டிருக்கிறார். மாதம் ஒருமுறை போன் செய்வார். ஊர்க்கதை எல்லாம் பேசிவிட்டு, வைக்கப் போகும்போது எட்டாவது படத்தைப் பற்றி அந்தப் பழைய கேள்வியைக் கேட்பார். நானும் வீம்புக்கு இல்லை என்றே சொல்லிவருகிறேன்.

இந்தப் பத்திரிகையை அவர் கடைக்கு வாங்கிப் படிப்பார் என்று தெரியும். அண்ணா, பேடி வந்தது. இன்றைக்கும் வருகிறது.