இரண்டாவது மிஸ்டு கால்

2004 ஜூன் 13, ஞாயிற்றுக்கிழமை. காலையில் எழுந்து பால் வாங்கி வந்தேன். அரை வாளித் தண்ணீரில் சவரத்தையும் குளியலையும் முடித்து, மீந்ததில் ஸ்கூட்டரைத் துடைத்தேன். தண்ணீர்ப் பஞ்சம் தலைவிரித்தாடிய காலம் அது. நாளிதழ் படித்தேன். சட்டைகளை இஸ்திரிக்குக் கொடுத்தேன். மற்ற ஞாயிற்றுக்கிழமைகளைப் போலத்தான் தொடங்கியது. வெயில் உச்சிக்கு ஏறுவதற்குள், என் மனைவி பத்மா கையில் தோசைக்கரண்டியுடன் ஒரு கல்லூரி விரிவுரையாளரைத் தேடிப் புறப்பட்டுவிட்டாள்.

அந்த விரிவுரையாளரைப் பற்றி ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். தாம்பரத்திலிருந்து கடற்கரை வரை ரயில் போகும் வழியெல்லாம் வீடு வீடாகத் தேடினாலும், செல்போன் வாங்கி அதில் ஒரு வார்த்தைகூடப் பேசாத இன்னொரு மனிதரை நீங்கள் கண்டுபிடிக்க முடியாது.

மேற்குத் தாம்பரத்தில் எங்கள் தெருவின் கடைசி வீட்டு மொட்டைமாடி அறையில் தனியாகக் குடியிருந்தார். ஏதோ ஒரு கல்லூரியில் நுண்ணுயிரியல் பாடம் எடுத்தார். அவருக்கு முறையாக ஒரு பெயர் இருந்திருக்கும். தெருவுக்கு அவர் பாக்டீரியா சார்.

யார் அழைத்தாலும் மணி அடித்ததும் வெட்டிவிடுவார். கஞ்சன் என்று முதலில் நினைத்தோம். வருகிற அழைப்புக்குக் காசில்லை என்று ஆன பிறகும் வெட்டினார். கல்லூரி முதல்வர் அழைத்தால் வெட்டினார். அவருக்குப் பெண் கொடுக்க முன்வந்த வீட்டார் அழைத்தபோதும் வெட்டினார். அதற்காகவே அவருடைய அக்கா திண்டுக்கல்லிலிருந்து ரயிலேறி வந்து, தெருமுனையிலிருந்தே திட்டிக்கொண்டு நடந்தார்.

"ஏண்டா, பொண்ணு வீட்டுக்காரங்க பேசணும்னு கூப்பிட்டா கட் பண்ணுவியா?"

"மிஸ்டு கால் பாத்தேன்க்கா. தகவல் வந்துருச்சே."

"என்னடா தகவல் வந்துச்சு?"

"அவங்க கூப்பிட்டாங்கங்கிற தகவல்."

அந்த அம்மாள் தலையில் கை வைத்துக்கொண்டு எங்கள் வீட்டுப் படியில் உட்கார்ந்ததை நான் கண்ணால் பார்த்தேன்.

இவரை எங்கள் தெரு தலைவராக ஏற்றுக்கொண்டதற்குக் காரணம் தண்ணீர் லாரி. லாரி எப்போது வரும் என்று ஓட்டுநருக்கே தெரியாது. "லாரி வந்துருச்சு!" என்று எவராவது குரல் கொடுத்தால் தெருவே குடங்களோடு ஓடும். பாதி நாள் லாரி இருக்காது. இருந்தாலும் அடுத்த தெருவுக்குத் திரும்பியிருக்கும். அந்த ஓட்டத்தில் பத்மாவுக்கு இரண்டு குடங்கள் நசுங்கின, எனக்கு ஒரு கால் சுளுக்கியது.

ஒரு மாலை பாக்டீரியா சார் வீட்டுக்கு வந்தார். காபி வேண்டாம் என்றார். டம்ளர் கழுவத் தண்ணீர் செலவாகுமாம்.

"மேடம், வெளிநாட்டுல ஒரு பாக்டீரியாவுக்குள்ள சுவிட்சு வெச்சுட்டாங்க."

பத்மா தன்னையறியாமல் மின்விசிறி சுவிட்சைப் பார்த்தாள்.

"உயிருள்ள சுவிட்சு மேடம். ரெண்டு விதமான ரசாயனம் சேர்ந்து வந்தாத்தான் வேலை செய்யும். ஒண்ணு மட்டும் வந்தா அசையாது. கம்ப்யூட்டர் போடற அதே கணக்கு! இத்தனைக்கும் பாக்டீரியாவுக்கு வாய் கிடையாது, மூளை கிடையாது. சின்னதா ஒரு சமிக்ஞை அனுப்பும். 'நான் இருக்கேன், நான் இருக்கேன்'னு. அவ்வளவுதான் அதோட பேச்சு. சில வகையில, போதுமான அளவு சமிக்ஞை சேர்ந்ததும் எல்லாம் ஒண்ணா வெளிச்சம் விடும்."

"சரி சார், அதுக்கு நாங்க என்ன பண்ணணும்?" என்றேன்.

"இன்னையிலேர்ந்து நீங்க ரெண்டு பேரும் பாக்டீரியா."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பத்மா நிதானமாகக் கேட்டாள். "இவர் சரி. நானுமா?"

திட்டம் இதுதான். லாரி பிரதான சாலையிலிருந்து திரும்புவது மளிகைக்கடை காதர் பாய்க்குத் தெரியும். எங்கள் தெருவில் நிற்கிறதா என்பது புங்கமரத்தடியில் வண்டி போட்டு இஸ்திரி போடும் செல்விக்குத் தெரியும். இருவரிடமும் செல்போன் உண்டு. லாரி திரும்பியதும் காதர் பாய் ஒரு மிஸ்டு கால், நின்றதும் செல்வி ஒரு மிஸ்டு கால். இரண்டும் வந்தால்தான் நாங்கள் குடத்தைத் தொட வேண்டும். பிறகு அடுத்த வீடுகளுக்கு மணி அடிக்க வேண்டும். ஒன்று மட்டும் வந்தால் நம்பக்கூடாது. ஒரே ஆள் பத்துத் தடவை அடித்தாலும் அது ஒன்றுதான். எல்லாவற்றுக்கும் மேலாக, யாரும் எடுத்துப் பேசக் கூடாது. பேசிக்கொண்டிருந்தால் இரண்டாவது ஆளின் மணி எப்படி வரும்?

"பேசாம இருக்கறதுக்கு எதுக்கு சார் போனு? என் மாப்ள ஆசையா வாங்கிக் குட்துகீறாரு," என்றாள் செல்வி.

"பேசினா தப்பு வரும்மா. மணி பொய் சொல்லாது."

நம்பினால் நம்புங்கள், அது வேலை செய்தது. ஒரு வாரம் வீண் ஓட்டமே இல்லை. இரண்டு மணி, குடம், வரிசை, தண்ணீர். தெருவில் சண்டை குறைந்தது. அப்புறம் ஒரு நாள் காதர் பாயின் மணி வந்தது, செல்வியின் மணியும் வந்தது. ஒழுங்காக வரிசையில் போய்க் குடங்களை வைத்தோம். லாரியின் பின்பக்கத்திலிருந்து தடித்த குழாயை ஒருவர் உருவினார். மூக்குதான் முதலில் கண்டுபிடித்தது. அது கழிவுநீர்த் தொட்டி சுத்தம் செய்ய வந்த லாரி.

தெரு முழுவதும் மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றது. பாக்டீரியா சார் மட்டும் முகமெல்லாம் பல்லாக ஓடி வந்தார்.

"பாத்தீங்களா சார்! சிஸ்டம் கரெக்டா வேலை செஞ்சுது. லாரிதான் தப்பு!"

"நல்லவேளை, யாரும் குடத்தை நீட்டலே," என்றார் காதர் பாய், தன் குடத்தைப் பின்னால் மறைத்துக்கொண்டு.

அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன். நாளிதழை மடித்து வைத்த நேரத்தில் என் செல்போன் மணி அடித்து நின்றது. திரையில் 'பாக்டீரியா'. லாரி விஷயத்தில் அவருக்கு மணி அடிக்கும் வேலையே கிடையாது. சரி, இரண்டாவது வரட்டும் என்று வைத்தேன். இரண்டாவதும் வந்தது. அதுவும் பாக்டீரியா. ஒரே ஆள், ஆகவே அது ஒன்றுதான். மறுபடி வந்தது. அப்போதும் ஒன்றுதான்.

பத்மா சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தாள். "ஏங்க, மனுஷன் எதுக்கோ கூப்பிடறார்."

"இன்னொருத்தர்கிட்டேர்ந்து வரணும். அதான் ரூல்."

"உங்க ரூலை உடைப்புல போடுங்க!" போனைப் பிடுங்கி அவருக்கு அடித்தாள். வெட்டினார். மீண்டும் அடித்தாள். மீண்டும் வெட்டினார். பத்மாவின் முகம் சிவந்தது.

"இவரே கூப்பிடுவாராம், நான் கூப்பிட்டா கட் பண்ணுவாராம். என் போனையே கட் பண்றாரா? நேர்லயே போய்க் கேக்கறேன்!"

கையிலிருந்த தோசைக்கரண்டியைக் கீழே வைக்கவும் அவளுக்குத் தோன்றவில்லை. விபரீதம் நடக்காமல் தடுக்க நானும் பின்னால் ஓடினேன்.

காதர் பாய் கடையிலிருந்து எட்டிப் பார்த்தார். "சார், பாக்டீரியா சார்கிட்டேர்ந்து உங்களுக்கும் வந்துச்சா? எனக்கு வந்துகிட்டே இருக்கு. லாரியைக் காணோமே?"

"எனக்குந்தான் வந்துகினே கீது," என்றாள் செல்வி, பெட்டியை ஊதியபடி. "ரெண்டாவது ஆளு அடிக்கட்டும்னு குந்திகினு கீறேன்."

நடுத்தெருவில் என் கால் நின்றுவிட்டது. காதர் பாய் இன்னொருவருக்காகக் காத்திருந்தார். செல்வி இன்னொருவருக்காகக் காத்திருந்தாள். நானும் அதைத்தான் செய்துகொண்டிருந்தேன். தெரு முழுவதும் அவர் சொல்லிக் கொடுத்தபடியே, தனியாக மணி அடித்துக்கொண்டிருந்த ஒரு மனிதரை நம்பாமல் உட்கார்ந்திருந்தது. அந்த மனிதரிடம் இருந்தது ஒரே ஒரு போன்.

நான்கு பேரும் ஓடினோம். வீட்டுக்காரக் குடும்பம் திருநீர்மலைக்குக் கல்யாணத்துக்குப் போயிருந்தது. கீழ் வீடு பூட்டிக் கிடந்தது. மாடிப்படி ஏறி வெயிலில் தகித்த தரையில் கால் வைத்ததும், தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் அவர் கிடப்பதைப் பார்த்தோம். பக்கத்தில் ஒரு ஏணி சாய்ந்து கிடந்தது. அறைக்குள் சிக்னல் சரியாகக் கிடைக்காததால் தொட்டியின் மேல் ஏறி நிற்பது அவர் வழக்கம். இடது கால் முழங்காலுக்குக் கீழே இருக்கக்கூடாத திசையில் திரும்பியிருந்தது. வெயிலுக்குச் சட்டையைத் தலையில் போட்டிருந்தார். உதடு வெடித்திருந்தது. கத்திப் பார்த்தாராம்; சுற்றிலும் காலி மனைகள். கையில் மட்டும் போனை விடாமல் பிடித்திருந்தார்.

பத்மா கரண்டியோடு அப்படியே நின்றாள். "நான் கூப்பிட்டேனே சார்! எடுத்து ஒரு வார்த்தை சொல்லியிருந்தா உடனே வந்திருப்போமே! ஏன் கட் பண்ணினீங்க?"

அவர் நாக்கால் உதட்டை ஈரப்படுத்திக்கொண்டார். "எடுத்தா லைன் பிஸி ஆயிடும் மேடம். வேற யாராவது அடிச்சா தெரியாதே."

நான் வாழ்க்கையில் எத்தனையோ அதிர்ச்சிகளைச் சந்தித்திருக்கிறேன். உடைந்த காலோடு வெயிலில் கிடந்தவர் விதியை மீறவில்லை என்பதற்கு இணையாக இன்றுவரை வேறொன்று இல்லை.

"யோவ் பாக்டீரியா!" என்று செல்வி வெடித்தாள். "நீ இன்னா மனுசனா, மிசினா? செத்துகித்து போய்ட்டா எவன் மணி அடிச்சி சொல்லுவான் எங்களுக்கு?" திட்டிக்கொண்டே தன் முந்தானையை நனைத்து அவர் வாயில் பிழிந்தாள். தொட்டியின் அடியிலிருந்து காதர் பாய் சுரண்டி எடுத்த தண்ணீர் அது.

ஆட்டோ கிடைக்கவில்லை. செல்வி துணி மூட்டைகளை மரத்தடியில் தள்ளி, பெட்டியைக் கீழே இறக்கி வைத்து, இஸ்திரி வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தினாள். காலைப் பலகையில் கட்டி, அவரைத் தூக்கி, என் வெள்ளைச் சட்டையைத் தலைக்கு வைத்துப் படுக்கவைத்தோம். செல்வியும் காதர் பாயும் தள்ள, நான் காலைப் பிடித்துக்கொள்ள, பத்மா கரண்டியால் எதிரே வந்தவர்களை ஒதுக்க, வண்டி பிரதான சாலை ஆஸ்பத்திரியை நோக்கிக் கிளம்பியது.

தெருமுனை தாண்டும்போது ஹார்ன் கேட்டது. தண்ணீர் லாரி. நிஜமான தண்ணீர் லாரி. பின்னால் சொட்டிக்கொண்டே எங்கள் தெருவுக்குள் திரும்பியது. கடையில் காதர் பாய் இல்லை. மரத்தடியில் செல்வி இல்லை. எந்த வீட்டிலும் ஒரு மணிகூட அடிக்கவில்லை.

பாக்டீரியா சார் வண்டியில் எழுந்து உட்காரப் பார்த்தார். "லாரி! லாரி வந்துருச்சு! யாரும் சிக்னல் குடுக்கலையே! மேடம், ஓடுங்க! பாய், ஒரு மிஸ்டு கால்..."

"படு சார் பேசாம," என்று செல்வி அவர் நெற்றியில் கை வைத்து அழுத்தினாள்.

பத்மா திரும்பி லாரியை ஒரு தடவை பார்த்தாள். எங்கள் வீட்டில் அன்று அரைக் குடம்தான் இருந்தது. முன்னால் திரும்பி, "வழி விடுங்க, வழி விடுங்க" என்று நடந்தாள்.

லாரி சிறிது நேரம் நின்று, ஆள் வராததால் போய்விட்டது என்று பிறகு கேள்விப்பட்டோம். அதற்காக யாரும் எங்களைக் கோபித்துக்கொள்ளவில்லை. அவருக்குக் காலில் மாவுக்கட்டு போட்டார்கள். மாலையில் நாங்கள் கிளம்பும்போது போனைத் தலைமாட்டில், கைக்கு எட்டுகிற மாதிரி வைக்கச் சொன்னார்.

மறுநாள் காலை எழுந்ததும், பால் வாங்கப் போவதற்கு முன்பே, முதல் வேலையாக அவருக்கு ஒரு மிஸ்டு கால் கொடுத்தேன். ஒன்று மட்டும் வந்தால் அவர் நம்பமாட்டாரே என்று, காதர் பாயை எழுப்பி அவர் போனிலிருந்தும் ஒன்று கொடுக்கச் சொன்னேன்.