வில்ஃப் பாம்ஃபோர்த் ஆடிய ஒரே ஆட்டம்

பப் வினாடிவினாவில் எட்டு மேசைகளும் சரியான விடையை எழுதியிருந்தன. டெஸ்மண்ட் தாள்களை மறுபடி ஒருமுறை புரட்டிப் பார்த்தார். ஏனென்றால் அந்தக் கேள்விக்கு விடையே கிடையாது.

கால்பந்து லீக்கின் முதல் டிவிஷனில் ஒரே ஒரு ஆட்டம் ஆடி, பந்தைத் தொடாமலேயே நடுவரால் வெளியே துரத்தப்பட்ட நம் ஊர் அணி ஆட்டக்காரர் யார் என்பது கேள்வி. வில்ஃப் பாம்ஃபோர்த் என்பது விடை. அப்படி ஒரு ஜீவன் இந்தப் பூமியில் பிறக்கவே இல்லை. போன ஞாயிற்றுக்கிழமை மதியம், வறுத்த ஆட்டுக்கறி தின்ற மயக்கத்தில், டெஸ்மண்ட்தான் அவனைப் பெற்றெடுத்தார்.

அதற்குக் காரணம் இருந்தது. 'மூன்று முயல்' பப்பில் வியாழக்கிழமை வினாடிவினாவை நடத்துவது அவர். கொஞ்ச நாளாகக் கால்பந்துச் சுற்று வந்தாலே ஆளாளுக்குச் சிறுநீர் முட்டியது. கழிவறைக்குப் போனவர்கள் ஞானம் பெற்றுத் திரும்பி வந்தார்கள். போனைப் பார்த்து எழுதுகிறவனைப் பிடி, இல்லையென்றால் மைக்கை என் மச்சானிடம் கொடுத்துவிடுவேன் என்று பப்பின் முதலாளியம்மா க்ளென்டா சொல்லிவிட்டாள். மச்சான் கரோக்கி நடத்துகிறவன்.

வீட்டில் டெஸ்மண்ட் வாயைத் திறந்தால் மனைவி மேவிஸ் டிவி சத்தத்தைக் கூட்டிவிடுவாள். அவர் பேசுவதை ஒரு கூட்டம் வாயை மூடிக்கொண்டு கேட்பது அந்த மைக் முன்னால் மட்டும்தான். அதை இழப்பதைவிட மேவிஸை இழப்பது சுலபம் என்று அவர் நினைத்ததுண்டு. மேவிஸும் அதில் மாறுபட்டதில்லை.

ஆகவே பொறி வைத்தார். வட இங்கிலாந்தின் லங்காஷயர் அணிகளில் ஓரிரண்டு ஆட்டம் ஆடி மறக்கப்பட்டவர்களைப் பற்றி இணையத்தில் ஒரு பக்கம் இருக்கிறது. யார் வேண்டுமானாலும் அதில் எழுதலாம். ஆறு வருடமாக அவருடைய கால்பந்துக் கேள்விகள் மொத்தமும் அங்கிருந்து சுட்டவைதான். அந்த ஆட்டக்காரர்களின் வாழ்க்கையையெல்லாம் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பார். அந்தப் பக்கத்தில் வில்ஃபையும் நுழைத்தார். மாற்று ஆளாக இறங்கி, எதிரணிக்காரனை எட்டி உதைத்து, வெளியே போய்க் கறிக்கடை வைத்தவர் என்று எழுதினார். இந்த விடையை எழுதுகிறவன் போனைப் பார்த்தவன் என்று அர்த்தம்.

எட்டு மேசையும் எழுதும் என்று அவர் நினைக்கவில்லை. அதில் ஒன்று பாதிரியாரின் மேசை.

டெஸ்மண்ட் மைக்கில், யாரோ போனைப் பார்த்திருக்கிறார்கள் போலிருக்கிறது என்று மெல்ல ஆரம்பித்தார். மூலையிலிருந்து சிரில் எழுந்தார். அவருக்கு எண்பது வயது, போனே கிடையாது. அவர் மேசையில் விடை எழுதியது மருமகன்.

"யாரைய்யா திருடங்கற? அன்னிக்கு நான் கோல் போஸ்ட்டுக்குப் பின்னாடிதான் நின்னேன். வில்ஃப் உதைச்ச உதையில எனக்கே காலு வலிச்சுது."

அந்த ஊரில் ஒருவன் பெண்டாட்டியின் பிறந்தநாளை மறக்கலாம். ஓர் ஆட்டத்தைத் தான் பார்த்ததில்லை என்று மட்டும் ஒத்துக்கொள்ள மாட்டான். அடுத்த நிமிடமே எல்லோருக்கும் வில்ஃப் ஞாபகம் வந்துவிட்டார். இடதுகால் ஆட்டக்காரர் என்றார் ஒருவர். அப்போதே வழுக்கை என்றார் இன்னொருவர். அவர் கடைத் தொத்திறைச்சிக்கு ஈடாக இன்றுவரை தின்றதில்லை என்று பாதிரியார் சப்புக்கொட்டினார்.

இனி உண்மையைச் சொன்னால் தோலை உரித்துவிடுவார்கள். பேச்சை முடித்தால் போதும் என்று, பாவம் வில்ஃப், போன மாதம்தான் போய்ச் சேர்ந்தார் என்றார் டெஸ்மண்ட். செத்தவனைப் பற்றி யார் கிளறப்போகிறார்கள் என்று நினைத்தார்.

சனிக்கிழமை ஆட்டத்துக்கு முன்னால் மைதானமே எழுந்து நின்று வில்ஃபுக்காக ஒரு நிமிடம் கைதட்டியது. ஆட்டக்காரர்கள் கையில் கறுப்புப் பட்டி கட்டியிருந்தார்கள். வாசல் கம்பியில் மஃப்ளர்களும் பூச்செண்டுகளும் தொங்கின. சிரில் மூக்கைச் சிந்தி டெஸ்மண்டின் கோட்டிலேயே துடைத்தார். உள்ளூர்ப் பேப்பர்காரன் வந்து, அடக்கம் எந்த ஊரில், குடும்பம் எங்கே என்று குடைய ஆரம்பித்தான். செத்தது வேறொரு பாம்ஃபோர்த், நம்ம ஆள் குத்துக்கல்லாட்டம் இருக்கிறார் என்று டெஸ்மண்ட் உளறிவைத்தார். அது டெஸ்மண்டின் போட்டோவோடு பேப்பரில் வந்தது.

க்ளென்டா பேப்பரும் கையுமாகக் காத்திருந்தாள்.

"உசுரோடதானே இருக்காரு? அப்ப வர்ற வியாழக்கிழமை கூட்டிட்டு வா. இறைச்சிக் குலுக்கல்ல அவரே சீட்டு எடுக்கட்டும். அவர் வரலைன்னா மைக்கை வெச்சிட்டு நீ போய்க்கிட்டே இரு."

வியாழக்கிழமை பப்பில் நிற்க இடமில்லை. குலுக்கலில் ஜெயிப்பவருக்கான பன்றிக்கறித் தட்டு மேடையில் காத்திருந்தது. ஒப்புக்கொண்டுவிடுவது என்று டெஸ்மண்ட் முடிவு செய்திருந்தார். கண்ணாடி முன் நின்று ஒத்திகைகூடப் பார்த்தாகிவிட்டது. மைக்கைக் கடைசியாக ஒருமுறை தடவிக்கொடுத்தார். நிஜமாகவே அழுகை வந்தது.

"எல்லாரும் மன்னிக்கணும். வில்ஃப் பாம்ஃபோர்த்னு ஒருத்தர்..."

கதவு திறந்தது. வழுக்கைத் தலையும் தொந்தியுமாக ஒரு கிழவர் இடதுகாலைச் சற்றுச் சாய்த்து நடந்து வந்தார். பஸ் தாமதம் என்றும், தான்தான் வில்ஃப் என்றும் சொன்னார்.

கைதட்டலில் கூரையே பிய்ந்துவிடும் போலிருந்தது. சிரில் ஓடிப்போய்க் கட்டிக்கொண்டு, கொஞ்சங்கூட மாறலையேடா என்று விம்மினார். கிழவர் அன்றைய ஆட்டத்தை நடுவரின் வாய்நாற்றம் வரை விவரித்தார். பாதிரியாருக்குத் தொத்திறைச்சியின் பக்குவம் சொன்னார். கேட்கக் கேட்க, இந்த ஆளை நாம்தான் உண்டாக்கினோமா என்று டெஸ்மண்டுக்கே சந்தேகம் வந்துவிட்டது. உசுரு இருக்கிறவரை மைக் உனக்குத்தான் என்று க்ளென்டா அவர் கன்னத்தில் முத்தம் கொடுத்தாள்.

குலுக்கல் முடிந்ததும் டெஸ்மண்ட் கிழவரைக் கழிவறைக்குள் தள்ளிக்கொண்டு போனார்.

"யாருங்க நீங்க?"

"நானும் உங்க தொழில்தான். ரோச்டேல்ல ஒரு பப்புல வினாடிவினா நடத்தறேன். பேப்பர்ல உங்க மூஞ்சியையும், வியாழக்கிழமை வில்ஃப் வர்றாருங்கற உங்க பப்பு விளம்பரத்தையும் பார்த்தேன், பாவமா இருந்துச்சு. அந்த இணையப் பக்கத்தை ஆரம்பிச்சதே நான்தான்."

டெஸ்மண்டுக்கு நன்றி பொங்கியது. கிழவரின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். ஒரு பொய் ஆளைச் சேர்த்து அந்த நல்ல பக்கத்தைக் கெடுத்துவிட்டேன், நிஜமாக ஆடியவர்களுக்கு நடுவில் அவன் இருக்கக் கூடாது, இன்றைக்கே அழித்துவிடுகிறேன் என்று தழுதழுத்தார்.

கிழவர் கையை விடுவித்துக்கொண்டு குழாயைத் திறந்தார்.

"அட, இருந்துட்டுப் போகட்டும் விடுங்க. எங்க பப்புலயும் போன் பார்க்கிற பசங்க ஜாஸ்தி. அந்தப் பக்கத்துல மத்த அத்தனை பேரையும் பெத்தது நான்."