ஒரு மருந்தின் பெயரைக் காப்பாற்றிய கூட்டம்

மனித குலத்தின் அந்தரங்கத்துக்கு எங்கள் மருத்துவமனை ஆற்றியிருக்கும் தொண்டைச் சரித்திரம் ஒருநாள் பேசத்தான் போகிறது. அன்று யார் எங்கே உட்கார்ந்திருந்தார் என்று தகராறு வரக் கூடாது. ஆகவே கடிதப் பிரிவு எழுத்தர் என்ற முறையில் அதை முதலில் பதிவு செய்கிறேன்.

மின்விசிறிக்கு நேர் கீழே பெரிய டாக்டர். அவருக்கு வலப்பக்கம், காற்று பாதி வரும் இடத்தில், மேலாளர். இடப்பக்கம் எங்கள் வக்கீல். அவர் முன்னால் 'நோயாளி தகவல் பாதுகாப்பு விதிகள்' என்ற சுற்றறிக்கையின் ஜெராக்ஸ். காற்றே வராத மூலையில், மடியில் ஒரு கோப்போடு பதிவறை அக்கா. கதவை ஒட்டி நான். கதவுக்கு வெளியே பெஞ்சில் ஒரு பெண்மணி. கூட்டமே அவர் விஷயமாக என்பதால் அவரை வெளியே உட்கார வைத்திருந்தோம்.

பெண்மணியின் கணவர் பெயிண்டர். முந்தின நாள் ஏணியிலிருந்து விழுந்து, வேறொரு மருத்துவமனையில் நினைவில்லாமல் கிடக்கிறார். கூட்டத்துக்கு மறுநாள் காலை ஏழு மணிக்குத் தலையில் அறுவை சிகிச்சை. இரண்டு வருஷத்துக்கு முன் எங்களிடம் ஓர் ஊசி போட்டதும் அவருக்கு மூச்சு நின்றுபோய், படாத பாடு பட்டு மீட்டோம். அது என்ன மருந்து என்று எழுதித் தரும்படி அந்த மருத்துவமனை டாக்டர் சீட்டுக் கொடுத்து அனுப்பியிருந்தார்.

"ஒரு வரி சார். எழுதிக் குடுத்துடலாமா?" என்றார் அக்கா.

மேலாளர் பதறிப்போனார். "என்னம்மா இப்படிச் சொல்றீங்க? அது பாதுகாக்கப்பட்ட தகவல்!"

வக்கீல் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "பேரு, வயசு, விலாசம், போன் நம்பர், போட்டோ, என்ன நோய், என்ன மருந்து, எப்ப வந்தாரு, எப்ப போனாரு. இதுல எதையும் நோயாளி கையெழுத்து இல்லாம வெளியில விடக் கூடாது."

"அப்ப அவரையே வந்து கையெழுத்துப் போடச் சொல்லுங்க," என்றார் பெரிய டாக்டர்.

"அவருக்கு நினைவு இல்ல சார்," என்றார் அக்கா.

"நமக்கு ஒண்ணும் அவசரமில்ல. நினைவு வந்ததும் வரட்டும்."

"நினைவு வர்றதுக்குத்தான் சார் ஆபரேஷன்."

"அப்ப ஆபரேஷன் முடிஞ்சதும் வரட்டும். அதுல என்ன இருக்கு?"

இந்தத் தர்க்கத்தின் அழகை ஓர் எழுத்தும் விடாமல் குறிப்பில் எழுதிக்கொண்டேன். அப்போது வெளியே கூடத்து ஒலிபெருக்கி கேட்டது: "மூலத்துக்குக் காட்ட வந்த பெரியவர் மூணாம் நம்பர் ரூமுக்கு வரவும். மஞ்சள் சட்டை... ஆமா, உங்களைத்தான் சொல்றேன், திரும்பிப் பாக்காதீங்க!"

அக்கா மேலாளரைப் பார்த்தார்.

"அது அறிவிப்பும்மா," என்றார் மேலாளர். "தகவல் வேற, அறிவிப்பு வேற."

தேநீரும் பிஸ்கட்டும் வந்தன. பிஸ்கட்டுக்கு அடியில் விரித்திருந்த தாள் யாரோ ஒருவரின் ரத்தப் பரிசோதனை முடிவு. பெரிய டாக்டர் அதைப் பெயரோடு வாய்விட்டுப் படித்து, "இந்த ஆளு இன்னும் நடமாடறாரா?" என்று வியந்து, இன்னொரு பிஸ்கட் எடுத்துக்கொண்டார்.

அக்கா பொறுமை இழந்து கோப்பைத் திறந்தார். மருந்தின் பெயரை உரக்கப் படித்தார். "இதான் சார். இதைச் சொல்ல ஒரு மூச்சுகூட ஆகல."

மேலாளர் எழுந்து போய்க் கதவின் தாழ்ப்பாளைச் சரிபார்த்துவிட்டு வந்தார். நல்லவேளை, ரகசியம் ஐந்து பேரோடு நின்றது.

"மனிதாபிமானம்னு ஒண்ணு இருக்கே சார்," என்றார் அக்கா.

"யாரு இல்லேன்னா?" என்றார் வக்கீல். "வழி சொல்றேன். பேரை எடுத்துட்டா அது யாரோட தகவலும் இல்ல. மருந்தையும் எடுத்துட்டா அது தகவலே இல்ல. அப்புறம் தாராளமாக் குடுக்கலாம்."

ஏகமனதாக நிறைவேறியது. அக்கா கை தூக்கவில்லை. கையில் கோப்பு இருந்தபடியால் என்று குறிப்பில் எழுதினேன்.

கடிதத்தை நானே தட்டச்சு செய்தேன்: "தங்கள் சீட்டு கிடைத்தது. ஒருவருக்கு ஒரு மருந்து ஒத்துக்கொள்ளவில்லை என்பதை மிகுந்த பொறுப்புடன் தெரிவித்துக்கொள்கிறோம். தக்க எச்சரிக்கையுடன் நடந்துகொள்ளவும்."

இணைப்பாக விதிகளையும் வைக்கச் சொல்லியிருந்தார்கள். அசல் சுற்றறிக்கையை அலமாரியிலிருந்து எடுத்தேன். அதற்குப் பின்பக்கமும் இருந்தது. எங்கள் ஜெராக்ஸ் எந்திரம் ஒரு பக்கம்தான் எடுக்கும். பின்பக்கத்தின் முதல் வரி: 'நோயாளிக்குச் சிகிச்சை அளிக்கும் மருத்துவருக்குத் தகவல் தர இவ்விதிகள் தடையல்ல, கையெழுத்தும் தேவையில்லை.'

ஓடிப்போய் மேலாளரிடம் காட்டினேன். அவர் இரண்டு முறை படித்தார்.

"வக்கீல் கிளம்பிட்டாரேப்பா. தீர்மானமும் எழுதியாச்சு. அடுத்த மாசக் கூட்டத்துல இதை ஒரு பொருளாப் போட்டுடு."

"ஆபரேஷன் நாளைக்குக் காலையில சார்."

"அது அவங்க கூட்டம்ப்பா. நாம தலையிடக் கூடாது."

நான் முறை தெரிந்தவன். கடிதத்தை மூன்றாக மடித்தேன். முன்பக்க நகலை மட்டும் இணைத்தேன். உறைக்குள் வைத்து, ஓரத்தில் பசை தடவி, மூன்று இடத்தில் முத்திரை குத்தினேன்.

பெண்மணி பெஞ்சிலிருந்து எழுந்து இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

"இதுல மருந்துப் பேரு இருக்குல்ல அண்ணே?"

"எல்லாம் எழுதியிருக்கும்மா."

கடித எண், நாள், விதி எண், பெரிய டாக்டரின் கையெழுத்து. எல்லாம் எழுதித்தான் இருந்தது.

"நீங்க நல்லா இருக்கணும்ண்ணே," என்று உறையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு பஸ்ஸைப் பிடிக்க ஓடினார். நான் வாசல்வரை போய் நின்றேன். மருந்தின் பெயர் என் நாக்கு நுனியிலேயே இருந்தது. அவர் ஏறிய பஸ் கண்ணை விட்டு மறையும்வரை, நோயாளியின் அந்தரங்கம் கருதி, நான் வாயைத் திறக்கவில்லை.