பார்ப்பவர்கள்: இரண்டு

கடைக் கேமராவைக் கைப்பேசியில் திறந்ததும் ஓரத்தில் அந்த வரி கண்ணில் பட்டது: ‘பார்ப்பவர்கள்: 2’.

"ஒண்ணு நான். இன்னொருத்தன் எவன்?" என்று மூக்குக்கண்ணாடிக் கடை முதலாளி போட்ட கத்தலில், கண் சோதனைக்கு வந்தவர் படித்துக்கொண்டிருந்த எழுத்தையே மறந்துவிட்டார்.

கேமரா மாட்டியவரைப் போனில் பிடித்தார்.

"சார், பெட்டியோட வந்த பாஸ்வேர்டை மாத்தினீங்களா?"

"எதுக்கு மாத்தணும்?"

"அது ஊருக்கே தெரியும் சார். வீட்டைத் திறந்து போட்ட மாதிரி."

"மாட்டும்போதே சொல்றதுக்கு என்ன கேடு?"

"சொன்னேன். ‘எனக்கே பாடம் நடத்துறியா’ன்னு விரட்டிட்டீங்க."

முதலாளிக்கு மூக்குக்கு மேல் கோபம். தம் போன் நம்பரையே புது பாஸ்வேர்டாகப் போட்டார். எண்ணிக்கை ஒன்றுக்கு இறங்கியது. பத்தே நிமிடத்தில் மறுபடி இரண்டு. திரும்பவும் கேமராக்காரரைப் போனில் பிடித்தார்.

"போன் நம்பரா? அது உங்க கடைப் பலகையிலயே முழ நீளத்துக்கு இருக்கே சார்!"

பல்லைக் கடித்துக்கொண்டு, வாயில் நுழையாத ஒன்றைப் போட்டார். மறந்துவிடக் கூடாதே என்று ஓர் அட்டையில் கொட்டை எழுத்தில் எழுதிச் சுவரில் ஒட்டினார். மூன்று!

"எந்தச் சுவர்ல சார்?"

"கேமராவுக்கு நேரா."

மறுமுனையில் பெருமூச்சு கேட்டது.

அட்டையைக் கிழித்தெறிந்தார். இன்னொன்று போட்டார். "இது சரியா, சொல்லு!" என்று எழுத்து எழுத்தாக முழங்கினார்.

"ஐயோ சார், கேமராவுக்குக் காதும் இருக்கு!"

நான்கு.

ஆத்திரம் தாங்காமல் வீட்டுக்குப் போன் போட்டார். "கூட்டம் கூடி நம்ம கடையை வேடிக்கை பாக்குதுடி!"

"அடடா, யாரா இருக்கும்?" என்றாள் மனைவி.

"உனக்கு எதுலதான் அக்கறை!" என்று பட்டென்று வைத்தார்.

கடைசியில் கேமராக்காரரே நேரில் வந்தார். பழைய மென்பொருளைப் புதுப்பித்தார். உள்ளே இருந்த எல்லோரையும் வெளியேற்றினார். வெளியிலிருந்து வரும் வழியை அடைத்தார். முதலாளியைத் தெருவுக்கு அழைத்துப்போய்ப் புது பாஸ்வேர்டைக் காதோடு காதாகச் சொன்னார்.

பார்ப்பவர்கள்: 1.

"இப்ப பாருங்கடா!" என்று கேமராவை முறைத்துவிட்டு, மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு நடந்தார்.

வாசலிலேயே சிரிப்புச் சத்தம். தம் வீட்டில் அப்படி ஒரு சத்தத்தை அவர் கேட்டதே இல்லை. கதவைத் தள்ளினார். மகள் கண்ணாடியை மூக்கு நுனியில் இறக்கி, விரலை ஆட்டி, அவரைப் போலவே உறுமிக்கொண்டிருந்தாள். மனைவி கண்ணில் நீர்வரச் சிரித்துக்கொண்டிருந்தாள். அவரைக் கண்டதும் இருவரும் கல்லாய்ச் சமைந்தார்கள்.

மாமியார் மட்டும் கையிலிருந்த கைப்பேசியைத் தட்டித் தட்டிப் பார்த்துவிட்டு நிமிர்ந்தார்.

"என்ன மாப்பிள்ளை, கேமராவை இப்படிப் பூட்டிட்டீங்க? நீங்க கடையை விட்டு எப்போ கிளம்புறீங்கன்னு தெரிஞ்சாத்தானே நாங்க சிரிப்பை நிறுத்த முடியும்?"