கருப்பர் பேரில் பத்து ரூம்

உ
ஊருணிக்கரைக் கருப்பணசாமி துணை

அபிராமம்,
மாசி மாதம், 2009.

பெருமதிப்பிற்குரிய சகலை தங்கசாமி அவர்கள் சமூகத்துக்குத் தவசி வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கு நானும் நாகலெட்சுமியும் மிளகாய்ச் செடியும் சுகம். சென்னையில் தாங்களும், கொழுந்தியாள் முருகம்மாளும், ஸ்கூட்டரிலிருந்து விழுந்து ஒடிந்த தங்கள் வலது காலும் சுகந்தானா என்று அறிய ஆசைப்படுகிறேன். கட்டுப் போட்ட காலோடு படுத்திருந்தபடியால் எங்கள் மகள் பூமயில் கல்யாணத்துக்குத் தாங்கள் வர இயலாமல் போனது எங்களுக்குப் பெருங்குறையே. ஆனால் அன்றைக்குத் தாங்கள் என் கண்ணில் பட்டிருந்தால் இடது கால் என்ன கதி ஆகியிருக்கும் என்று சொல்ல முடியாது. ஆகவே வராததும் நல்லதுக்கே.

முதலில் சேதியைச் சொல்லிவிடுகிறேன். ஜெயித்துவிட்டோம். கல்யாணம் ராமேஸ்வரத்தில் ஜாம்ஜாமென்று நடந்தது. சம்பந்தி பால்சாமியைப் பற்றித் தங்களுக்குத் தெரியும். சர்வேயராக இருந்து ரிடையர் ஆனவர், கோயம்புத்தூரில் இருந்துகொண்டே நம்மை அளந்துகொண்டிருப்பார். தாலி ராமேஸ்வரத்தில்தான் ஏறவேண்டும் என்று அவர் சம்சாரத்துக்கு நேர்த்திக்கடன். அவர் நிச்சயதார்த்தத்தன்றே சபையில் வைத்துச் சொல்லிவிட்டார், "என் சனம் பஸ்ஸை விட்டு எறங்குறப்ப ரூம் சாவி கையில இருக்கணும். தெருவுல நிக்கவச்சா பஸ் அப்படியே திரும்பிரும், மாப்பிள்ளையும் அதுக்குள்ளதான் இருப்பான்" என்று. எனக்கு அன்றிலிருந்து சோறு இறங்கவில்லை. நேரில் போய் ரூம் சொல்லிவிட்டு வருகிறேன் என்று கிளம்பிய என்னைப் போனில் தடுத்தது யார்? தாங்கள். "இந்தக் காலத்துல போய் எதுக்கு அலையுறீங்க சகலை, கல்யாணத்துக்கு வாரவங்களுக்கு ரூம் போட்டுக் குடுக்க ஆன்லைன்ல கம்பெனி இருக்கு, உக்காந்த எடத்துல வேலை முடிஞ்சிரும்" என்று சொன்னது யார்? அதுவும் தாங்களே.

சரி, படித்தவர் சொல்கிறாரே என்று கமுதிக்கு பஸ் ஏறி, மீனம்மாள் வைத்திருக்கிற பிரவுசிங் சென்டரில் போய் உட்கார்ந்தேன். அந்தப் பிள்ளை டகடகவென்று தட்டி, "முதல் விருந்தாளி பேரு சொல்லுங்கண்ணே" என்றது. நம்ம வழக்கம் தங்களுக்குத் தெரியாதா? முதல் பத்திரிகை யாருக்கு வைக்கிறோம்? குலசாமிக்கு. கருப்பர் காலடியில் வைத்து, "அய்யா, நீ முன்னாடி வந்து நின்னு நடத்திக்குடுக்கணும்"னு கூப்பிட்ட பிறகுதானே மனுசனுக்குப் பத்திரிகை. வாய்யான்னு கூப்பிட்டுட்டு அவருக்கு ரூம் போடாம விடுறது என்ன மரியாதை? அதனால "ஊருணிக்கரைக் கருப்பணசாமி"ன்னு சொன்னேன். முழுசுக்கும் எடம் பத்தலைன்னு அது வெறும் கருப்பணசாமின்னு போட்டுருச்சு. வயசு கேட்டுச்சு. அது எவனுக்குத் தெரியும், ஏழு தலைமுறையா நிக்கிறாருன்னேன். கம்ப்யூட்டர் ரெண்டு எழுத்துக்கு மேல வாங்காதாம், தொண்ணூத்தொம்பதுன்னு போட்டோம். சைவமா அசைவமான்னுச்சு. வருசா வருசம் கெடா வாங்குறவருக்குச் சைவம்னு பொய் சொல்ல முடியுமா. சிகரெட் பழக்கம் உண்டான்னுச்சு, சுருட்டு மட்டும்னேன். தனியா வாராரா, துணைக்கு ஆள் உண்டான்னுச்சு, குதிரையிலதான் வருவாருன்னேன். "குதிரைக்குக் கட்டம் இல்லையேண்ணே"ன்னு அந்தப் பிள்ளை வருத்தப்பட்டுச்சு. பரவாயில்லம்மா, அது வெளிய நின்னுக்கிரும்னு சொல்லிட்டேன். கடைசியில பார்த்தா, பத்து ரூமுக்கும் தலைவரு கருப்பர்னு அதுவே அச்சடிச்சுத் துப்பிருச்சு. எனக்கு மேலெல்லாம் புல்லரிச்சுப்போச்சு. கம்ப்யூட்டருக்கே தெரியுது பாருங்க யாரு பெரிய ஆளுன்னு.

இப்போ ராமேஸ்வரத்துக்கு வாரேன். தை அமாவாசை முடிஞ்சு மூணாம் பிறையில முகூர்த்தம். அமாவாசைக்கு வந்த கூட்டம் ஊரைவிட்டு இன்னும் போகலை, நாலு ரத வீதியிலயும் ஒரு லாட்ஜுல கூட ஒரு மூலை காலியில்லை. நாங்க மேளக்காரங்க, பந்தக்கால், அண்டா குண்டானோட முதல்நாள் காலையிலேயே போய், ரூம் போட்டிருந்த லாட்ஜுல எறங்கிட்டோம். மேனேஜர் பேரு இருளாண்டி, சட்டையில பேனா மூணு வச்சிருந்தாரு. காயிதத்தைப் பார்த்துட்டு, "கருப்பணசாமி சார் எங்க?"ங்கிறாரு.

"அவரு நெனச்ச நேரந்தான் வருவாருங்க."

"அப்ப நெனச்ச நேரந்தான் சாவி. பேரு போட்டவரு நேர்ல வரணும், போட்டோ ஒட்டுன கார்டு வேணும். கடலோர ஊரு, போலீஸ் கெடுபிடி. தொண்ணூத்தொம்பது வயசாமே, கைத்தாங்கலா கூட்டியாங்க."

"அவரு எங்க குலசாமிங்க."

"எந்தச் சாமியா இருந்தாலும் ரூல்ஸ் ரூல்ஸ்தான்" என்று பேனாவை மூடிவிட்டார். நான் அந்த ஆன்லைன் கம்பெனிக்குப் போன் போட்டேன். ஒரு பொம்பளப்பிள்ளை தேனாப் பேசுது. பேரை மாத்தும்மான்னா, "கண்டிப்பா சார், அதுக்குக் கருப்பணசாமி சாரை லைன்ல குடுங்க, அவரு சம்மதம் சொன்னாப் போதும்"ங்கிறா. எனக்கு வந்த கோவத்துக்கு, போனுக்குள்ள கையை விட்டு உங்க சட்டையைப் பிடிக்கலாம்போல இருந்துச்சு. அந்த நேரம் பார்த்துச் சம்பந்தி கூப்பிடுறாரு, பாம்பன் பாலத்துல ஏறிட்டோம், சாவி ரெடிதானேன்னு. ரெடின்னுட்டேன். வேற என்ன சொல்ல? பூமயிலு ஒரு பெட்டி மேல உக்காந்து என் மூஞ்சியவே பார்க்குறா. பஸ் திரும்பிருமாய்யான்னு கேக்குறா. சகலை, பெத்த மகளை அப்படிக் கேக்க வச்சுட்டு ஒருத்தன் உசுரோட இருந்து என்ன பிரயோசனம் சொல்லுங்க. எனக்குக் கண்ணு கலங்கிருச்சு.

அப்பத்தான் பார்த்தேன், நம்ம பங்காளி சோணைமுத்து லாட்ஜு படியில உக்காந்து வெத்தலை போட்டுக்கிட்டிருக்கான். கருப்பர் யாரு மேல வந்து ஆடுவாரு? அவன் மேல. "ஏலே சோணைமுத்து, எந்திரி. சாமியை நேர்ல கேக்குறாங்கலே"ன்னேன். "வெரதம் இல்லாம, கோயிலு எல்லையில்லாம எப்படிண்ணே வருவாரு"ன்னு இழுத்தான். நாகலெட்சுமி அதுக்கெல்லாம் காத்திருக்கலை. "எம் புள்ள கல்யாணத்துக்கு வாரேன்னு வெத்தலை பாக்கு வாங்குனவரு வராம எங்க போவாரு"ன்னு சொல்லி ஒரு கொலவை விட்டா பாருங்க. வந்திருந்த பொம்பளைக பூராவும் சேர்ந்துக்கிட்டாக. மேளக்காரங்களும் நிலைமையைப் புரிஞ்சுக்கிட்டு எடுத்துவிட்டாங்க. சோணைமுத்து வெத்தலையைத் துப்புனான், கண்ணு செவந்துச்சு, கிறுகிறுன்னு ஒரு சுத்து. சோபாவைத் தாண்டி ஒரே எட்டுல மேனேஜர் மேசை மேல ஏறி நின்னுட்டாரு கருப்பரு.

"எவன்டா என்னைய யாருன்னு கேட்டவன்?"

மேனேஜர் நாற்காலியோட பின்னால போய் சுவத்துல ஒட்டிக்கிட்டு, "சாமி, எந்தச் சாமி?"ன்னாரு. "ஊருணிக்கரையான்டா"ன்னு ஒரு சத்தம். அவ்வளவுதான், மூணு பேனாவும் தெறிச்சு விழ அந்த மனுசன் நெடுஞ்சாண்கிடையா விழுந்துட்டாரு. என்னன்னு கேட்டா, அவரோட பாட்டன் நம்ம ஊருணிக்கரையிலேருந்து பஞ்சம் பொழைக்கக் கடற்கரைக்கு வந்தவராம். வர்றப்போ கருப்பர் கோயில் பிடிமண்ணை மடியில கட்டிக்கிட்டு வந்து வீட்டுல வச்சுக் கும்பிட்டாங்களாம், எந்த ஊரு மண்ணுன்னு தெரிஞ்ச ஆளெல்லாம் செத்தும் போச்சாம், ஊருணிக்கரையான்ங்கிற பேரு மட்டுந்தான் மிச்சமாம். "எங்க அய்யாவைத் தேடிப் போகாத பாவிக்கு அய்யாவே வந்துட்டாரே"ன்னு தேம்பித் தேம்பி அழுகுறாரு. நானும் அழுதுட்டேன். அப்ப நீ எனக்குப் பங்காளியாச்சேப்பான்னு தூக்கிக் கட்டிப்பிடிச்சுக்கிட்டேன்.

பத்துச் சாவியையும் தாம்பாளத்துல வச்சு, சூடம் கொளுத்திக் கருப்பருக்குக் காட்டுறாரு இருளாண்டி, அந்த நேரம் பஸ் வந்து நிக்குது. சம்பந்தி பால்சாமி, அளந்து அளந்து எறங்கி உள்ள வந்தவரு, செருப்பைக் கழட்டிட்டு அப்படியே நின்னுட்டாரு. கருப்பரு ஒவ்வொரு சாவியா எடுத்து விபூதியோட கையில குடுக்க, அவரு சனம் பூரா வரிசையில நின்னு வாங்குது. "தவசி, உங்க பக்கம் சாமியே வந்து ரூம் குடுக்குதா"ன்னு எங்கிட்ட மெதுவாக் கேட்டாரு. நான் துண்டை உதறித் தோள்ல போட்டுக்கிட்டு, "எங்க வழக்கம் அதுதான் சம்பந்தி"ன்னேன். அதோட சரி, தாலி கட்டி மறுவீடு போறவரைக்கும் அந்த மனுசன் ஒரு குறை சொல்லலை. முதல் ரூமைச் சோணைமுத்து எடுத்துக்கிட்டான். சாமி பேர்ல உள்ள ரூம், யாரு கேக்க முடியும்.

ஆகவே சகலை அவர்களே, இதனால் தாங்கள் அறிந்துகொள்ள வேண்டியது என்னவென்றால், ஆன்லைன் என்பது நமக்கு ஒத்துவராது. நம்ம சாமி, நம்ம பங்காளி, நம்ம வாய், இது மூன்றும் இருக்கிறவனுக்குக் கம்ப்யூட்டர் எதற்கு? இனி இந்த ஜென்மத்தில் அந்தப் பிரவுசிங் சென்டர் வாசலை மிதிக்க மாட்டேன். தாங்களும் யாருக்கும் அந்த யோசனையைச் சொல்லித் தொலைக்க வேண்டாம்.

கருப்பர் அருளால் தங்கள் கால் சீக்கிரம் கூடி, தாங்கள் பழையபடி நடமாட வேண்டும். கொழுந்தியாளுக்கு என் விசாரிப்பையும், நாகலெட்சுமியின் அன்பையும் தெரிவிக்கவும். விபூதி இத்துடன் மடித்து வைத்திருக்கிறேன், கட்டு மேல் பூசிக்கொள்ளவும்.

இப்படிக்கு,
வெற்றியுடன்,
தவசி

பி.கு.: கவரை ஒட்டப்போகிற நேரத்தில் பங்காளி இருளாண்டி போன் பண்ணினார். வருகிற பங்குனியில் அவர் மகளுக்குக் கல்யாணமாம். கருப்பரைக் கண்டுபிடித்த பிறகு வேறு எங்கே வைப்பது என்று நம்ம ஊருணிக்கரைக் கோயிலிலேயே வைத்துவிட்டாராம். கடற்கரைச் சனம் நாலு பஸ்ஸில் வருகிறதாம், முதல்நாளே வந்துவிடுகிறார்களாம். "அண்ணே, பங்காளி வீடு இருக்கப்ப நாங்க வெளிய தங்குனா உங்களுக்குத்தான அசிங்கம். கார்டெல்லாம் கேக்க மாட்டீகள்ல"ன்னு சிரிக்கிறாரு. நம்ம வீட்டுல இருக்கிறது ரெண்டு ரூம், அதுல ஒண்ணுல மிளகாய் மூட்டை. நீங்கதான கட்டிப்பிடிச்சீகன்னு நாகலெட்சுமி அடுப்படிக்குள்ள போயிட்டா, இன்னும் வெளிய வரலை. சகலை, மேலே எழுதினதையெல்லாம் மனசுல வச்சுக்காம, உடனே அந்த ஆன்லைன்ல தட்டி, கமுதி, பரமக்குடி, எங்கனயாச்சும் எத்தனை ரூம் கெடைச்சாலும் போட்டுருங்க. இந்தத் தடவை கருப்பரு பேரு வேணாம், உங்க பேரே இருக்கட்டும். கால் எப்படி இருந்தாலும், கார்டை எடுத்துக்கிட்டு நேர்ல வந்துருங்க.