பத்தொன்பது பெயரும் ஒரு பானைக் கஞ்சியும்

எட்டாம் வகுப்பை எட்டிப் பார்த்ததோடு என் படிப்பு முடிந்தது. அப்படிப்பட்ட நான் டென்மார்க்கின் சில்க்போர்க்கில் பதினொரு இயந்திரம் ஓடும் சலவைக்கடை வைத்தேன். ஏரி தெரிய வீடு கட்டினேன் (மேல்மாடியில் கதிரை போட்டு ஏறினால் தெரியும்). மாதம் ஒரு தமிழ்ப் பூசை வேண்டுமென்று பாதிரியாரை விடாமல் பிடித்து அதையும் நடத்தினேன். இதையெல்லாம் சனம் ஒத்துக்கொள்கிறது. ஆனால் ஒரு அமெரிக்கக் கால்பந்துக் குழுவைக் காப்பாற்றியவனும் நான்தான் என்றால், பெற்ற பிள்ளைகளே டேனிஷில் சிரிக்கிறார்கள்.

அப்போது நான் இங்கே ஒரு கல்லூரியில் கூட்டித் துடைக்கிற வேலையில் இருந்தேன். மனைவி ஜெசிந்தா மன்னாரில். எங்கள் ஆட்களின் பெண்சாதி பிள்ளைகளை அழைக்கும் விண்ணப்பங்களை அமைச்சில் தூங்க வைத்திருந்த காலம் அது (அந்தத் தூக்கத்தால் பிறகு அரசாங்கமே விழுந்தது). கிழமை நாளில் வேலை இருந்தது. சனிக்கிழமையில் தபால்பெட்டியைத் திறந்து மூடுவதுதான் வேலை.

அந்த நேரத்தில்தான் கல்லூரிப் பெடியன்கள் தலைக்கவசம் போட்டு, தோளில் தலையணை மாதிரிக் காப்புக் கட்டி, முட்டைப் பந்துக்கு மோதும் இந்த விளையாட்டைத் தொடங்கினார்கள். சட்டை துவைக்க ஆள் தேடினார் பயிற்சியாளர் யென்ஸ். கை தூக்கினேன். எனக்கும் ஒரு சனிக்கிழமை கிடைத்தது.

அந்தப் பருவத்தில் ஏழு ஆட்டம், ஏழு தோல்வி. கடைசி ஆட்டம் ரண்டர்ஸிலிருந்து வரும் குழுவோடு. அதிலும் தோற்றால் குழுவைக் கலைப்பதென்று கல்லூரி முடிவெடுத்துவிட்டது. பெடியன்களுக்கு விளையாட்டுப் போகும். எனக்கு மறுபடியும் தபால்பெட்டி.

யோசித்தேன். மன்னாரில் வழக்குக்குப் போகிறவன் கஞ்சி போட்ட சட்டையோடுதான் போவான். பாதி வழக்கு சட்டையிலேயே வென்றுவிடும். எங்கள் பெடியன்களின் சட்டையோ பழந்துணி மாதிரித் தொங்கியது. எவன் மதிப்பான்? வெள்ளிக்கிழமை பெரிய பானையை அடுப்பில் ஏற்றினேன். என்னோடு அறையில் இருந்த அருளப்பு அண்ணை எட்டிப் பார்த்தார்.

"இதென்ன, கலியாண வேட்டியே கஞ்சி போட?"

"அண்ணை, நீங்கள் படிச்ச ஆள். உங்களுக்கு விளங்காது."

பருத்திச் சட்டைகள் கஞ்சியைக் குடித்த ஆசையைப் பார்த்து அதே பானையில் இரண்டாம் தரமும் காய்ச்சினேன். விடிய அவை ஆளில்லாமலே எழுந்து நின்றன.

மாட்டிய பிறகுதான் வினை தெரிந்தது. ஒருவனாலும் கையை மடக்க முடியவில்லை. பந்து வரும், பெடியன் தோட்டத்து வெருளி மாதிரிக் கையை விரித்து நிற்பான், பந்து மூக்கில் பட்டு விழும். முதல் பாதி முடிய அவர்களுக்குப் பதினான்கு, எங்களுக்கு முட்டை. யென்ஸ் மெதுவாக நடந்து வந்தார். சட்டைக்கு என்ன செய்தாய் என்று கேட்டார். என் அரைகுறை டேனிஷில், மரியாதை செய்தேன் என்றேன்.

அவர் என்னை வீட்டுக்கு அனுப்ப வாய் திறந்த நேரம் மழை பிடித்தது.

ஊறிய கஞ்சி என்னவாகும் என்று சோறு வடித்தவனுக்குத் தெரியும். பிடிக்க வந்த ரண்டர்ஸ்காரன் எங்கள் பெடியனைக் கட்டிப்பிடித்து, வழுக்கி, கால்மாட்டில் போய் விழுந்தான். அடுத்தவனும் விழுந்தான். விலாங்கு மீன்கள் மாதிரி ஓடினார்கள் என் பிள்ளைகள். கோட்டைத் தாண்டினால் ஆறு புள்ளி. இரண்டு தரம் தாண்டினார்கள். மூன்றாம் தரம் லார்ஸ் என்ற தடியன் வயிற்றோடு அணைத்த பந்தே வழுக்கிப் பறந்து கோட்டுக்கு அப்பால் விழுந்தது. அதன்மேல் விழுந்தவனும் எங்கள் பெடியன்தான். பதினெட்டுக்குப் பதினான்கு.

எதிராளிகள் முறையிட்டார்கள். நடுவர் சட்டையைத் தடவி, விரலை முகர்ந்து, இது என்ன என்று என்னைக் கேட்டார்.

"அரிசி," என்றேன். "நாங்கள் காலையில் குடிப்பது." நம்பட்டும் என்று ஒரு சட்டையைப் பிழிந்து குடித்தும் காட்டினேன் (வேர்வை உப்பு அளவாக இருந்தது). குடைக்குக் கீழே நடுவர் விதிப்புத்தகத்தைப் புரட்டினார். எண்ணெய் கூடாது, கிறீஸ் கூடாது என்றிருந்தது. சோற்றைப் பற்றி ஒரு வரி இல்லை. வெற்றி வெற்றிதான் என்று ஊதிவிட்டார்.

குழு தப்பியது. என் சனிக்கிழமையும் தப்பியது. கடைசியில் விண்ணப்பமும் விழித்து, ஜெசிந்தா வந்து இறங்கியபோது, ரயில் நிலையத்தில் பெடியன்கள் பத்தொன்பது பேரும் அதே சட்டையோடு வரிசையில் நின்றார்கள். பொலிஸ் என்று பயந்து அவள் என் முதுகுக்குப் பின்னால் ஒளிந்தாள். இன்றைக்கும் வானம் இருண்டால் குசினியிலிருந்து அவள் குரல் வரும்: "இஞ்சாருங்கோ, மழை வருது. கஞ்சி வைக்கட்டே?" பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள்.

சிரிக்கட்டும். ஆனால் அந்தக் கல்லூரி நடைபாதையில் ஆட்டம் வென்றபோது எடுத்த படம் இன்னும் தொங்குகிறது. கீழே பெடியன்களின் பத்தொன்பது பெயர் மட்டும்தான், யென்ஸின் பெயர்கூட இல்லை. பெடியன்கள் அறையிலிருந்து எடுப்பித்த பானையோடு ஓரத்தில் நிற்கும் எனக்கும் பெயர் இல்லை. இருபதாவதாக என் பெயரைப் போட வேண்டும்: சவிரிமுத்து மரியதாஸ். முழுதாக, பிழையில்லாமல். எட்டாம் வகுப்புத்தான், ஆனாலும் வந்து வாசித்துப் பார்ப்பேன்.